பெயரிழந்து பெயர்மீட்ட இனம்

ஓர் இனத்திற்கு இருவகைப் பெயர்கள் உண்டு. ஒன்று, அவ்வினம் தன்னைத் தானே அழைத்துக்கொள்ளும் பெயர்; மற்றொன்று, பிறர் அதற்கு இட்டு வழங்கும் பெயர். முன்னது அவ்வினத்தின் உள்ளத்தினின்று எழுவது. பின்னது அண்டை அயலாரின் கண்ணுக்கும் காதுக்கும் தென்பட்டவாறு அமைவது. தன்பெயரைத் தானே சொல்லிக்கொள்ளும் வலிமை உள்ளவரை, பிறரிட்ட பெயரால் ஓர் இனத்திற்குக் கேடில்லை. தன்பெயரைக் கைநெகிழவிட்டுப் பிறரிட்ட பெயரையே தன்பெயராக ஏற்றுக்கொண்ட நாளிலோ, அது தன் வரலாற்றையும் பிறர் கையில் ஒப்படைத்து விடுகின்றது. இவ்வுண்மையை விளக்கவல்ல சான்றுகளுள் தலையாயது, கிரேக்கர் என்று இன்று உலகம் அழைக்கும் இனத்தின் வரலாறு.

கிரேக்கர் என்னும் பெயர் அவர்தம் நாவில் வழங்கும் பெயரன்று. அவர்கள் தம்மை எல்லேனியர் என்கின்றனர். தம் நாட்டைப் பழைய நடையில் எல்லாசு என்றும் இற்றை வழக்கில் எல்லாதா என்றும் அழைக்கின்றனர். அந்நாட்டின் சட்டப்படியான பெயர் எல்லேனியக் குடியரசு என்பதே. மேலை நாட்டார் இலத்தீன் வழிவந்த பெயரால் அவர்களைக் கிரேக்கர் என்கின்றனர். துருக்கியரும் அரபியரும் பாரசீகரும் அந்நாட்டை யூனான் என்னும் பெயராலோ அதன் திரிபாலோ குறிக்கின்றனர். தமிழ் முன்னோர் அவர்களை யவனர் என்றனர். ஆக, மேற்கினின்று நோக்கியவர்க்கு ஒரு பெயர். கிழக்கினின்று நோக்கியவர்க்கு மற்றொரு பெயர். தாமே தமக்குச் சூட்டிக்கொண்டது பிறிதொரு பெயர். இம்மூன்றும் எங்கிருந்து வந்தன, எவ்வாறு வாழ்ந்தன, எவ்வாறு வீழ்ந்தன என்று காண்பது, சொல்லாராய்ச்சியில் ஈடுபாடு கொண்டார்க்கு இன்பம் தருவதோடு, இனநலம் நாடுவார்க்கு எச்சரிக்கையும் ஆகும்.

எல்லேனியர் என்னும் பெயர் தொடக்கத்தில் முழு இனத்திற்கும் உரியதாய் இருந்ததன்று. அவ்வினத்தின் தொல்பெருங் காப்பியமாகிய இலியாதில், திராய் நகரை முற்றுகையிட்ட படையினரை ஓமர் அக்கேயர் என்றும், தனாவர் என்றும், ஆர்கீவர் என்றுமே பொதுப்பட அழைக்கின்றார். எல்லேனியர் என அவர் தனித்துக் குறிப்பது, அக்கிலீசு என்னும் மறவனின் கீழ் வந்த, தெசலிப் பகுதியின் தென்பால் வாழ்ந்த ஒரு சிறு கூட்டத்தாரையே. இதனைக் கி.மு. 5-ஆம் நூற்றாண்டிலேயே கூர்ந்து கண்டுரைத்தவர் வரலாற்றாசிரியர் துசிடிடீசு. ஓமர் காலத்தில் எல்லேனியர் என்னும் பொதுப்பெயர் இன்னும் நிலைபெறவில்லை என்றும், தம்மை ஒன்றெனக் கருதாத பல குடிகளாகவே அம்மக்கள் வாழ்ந்தனர் என்றும் அவர் எழுதினார். தம் இனப்பெயர் தொன்றுதொட்டு அப்படியே இருந்ததெனப் பெருமை பேசாது, கிடைத்த சான்றைக் கொண்டு முடிவு கண்ட அவர்தம் நேர்மை போற்றத்தக்கது.

ஓமர் கூறிய பழம்பெயர்கள் வெறுங்கற்பனை அல்ல என்பதற்குப் பிறநாட்டு ஆவணங்கள் துணைநிற்கின்றன. இன்றைய துருக்கி நாட்டின் நடுப்பகுதியில் பேரரசு செலுத்திய இட்டைட்டரின் களிமண் ஏடுகளில், கி.மு. 14, 13-ஆம் நூற்றாண்டுகளில், மேற்கே கடல்சார்ந்து விளங்கிய அக்கியாவா என்னும் நாடு பேசப்படுகின்றது. அஃது அக்கேயரின் நாடே என்று எமில் பொரர் 1924-இல் எடுத்துரைத்தபோது எதிர்ப்பு மிகுந்திருந்தது. இன்று பெரும்பாலான அறிஞர் அதனை ஒப்புகின்றனர். எகிப்திய மன்னர்தம் கல்வெட்டுகளில் காணப்படும் தனாயு என்னும் நாட்டுப்பெயரும் தனாவர் என்னும் பெயரோடு பொருந்துவதாகக் கொள்ளப்படுகின்றது. எனவே, ஓர் இனம் தனக்கென ஒரே பெயரை வகுத்துக்கொள்ளும் முன்னரே, அதன் கிளைகள் அயலார் ஏடுகளில் தனித்தனிப் பெயர்களோடு இடம்பெற்றுவிட்டன.

சிறு கூட்டத்தின் பெயர் பேரினத்தின் பெயரானது எவ்வாறு? அக்கால மக்கள் அதற்கு ஒரு பழங்கதையால் விடை கூறினர். பெருவெள்ளத்தினின்று தப்பிய தியூக்கேலியன் என்பானுக்கு எல்லென் என்றொரு மகன். எல்லெனுக்குத் தோரசு, சூதசு, ஏயோலசு என மக்கள் மூவர். சூதசின் மக்கள் அயோனும் அக்கேயசும். தோரசின் வழியினர் தோரியர். ஏயோலசின் வழியினர் ஏயோலியர். அயோனின் வழியினர் ஐயோனியர். அக்கேயசின் வழியினர் அக்கேயர். இக்கொடிவழி நிகழ்ந்த வரலாறு அன்று என்பது வெளிப்படை. குடிப்பெயர்கள் முன்னரே இருந்தன. அப்பெயர்களைக் கொண்டு பின்னர் மாந்தர் புனைந்தெடுக்கப்பட்டனர். எனினும் அப்புனைவு ஓர் அரும்பணியைச் செய்தது. ஒருவரோடொருவர் ஓயாது போரிட்ட நான்கு குடியினரையும் ஒரே பாட்டனின் பேரர் என்று அது சொல்லிற்று. பாட்டன் பெயர் இனப்பெயராயிற்று.

இனி, எல்லேனியர் என்னும் சொல்லின் வேர்ப்பொருள் யாது என்னும் வினா எழும். இந்நாட்டின் வடமேற்கே, மலைசூழ்ந்த தொதோனா என்னுமிடத்தில், கருவாலி மரத்தின் இலையொலியைக் கேட்டுத் தெய்வக் குறி சொன்ன பழந்திருவிடம் ஒன்று இருந்தது. அங்கு வாழ்ந்த பூசகக் குடியினர் செல்லோயர் எனப்பட்டனர். அப்பகுதியில் செல்லோயரும், முன்பு கிராய்க்கர் என்றும் பின்பு எல்லேனியர் என்றும் பெயர் பெற்றவரும் வாழ்ந்தனர் என அரிசுட்டாட்டில் எழுதியுள்ளார். சொல்லின் முதலில் நின்ற சகர ஒலி கிரேக்கத்தில் தேய்ந்து வெறும் மூச்சொலியாவது இயல்பு. இலத்தீனில் 'செப்தெம்' என ஏழைக் குறிக்கும் சொல் கிரேக்கத்தில் 'எப்தா' என நிற்பது அதனால். ஆதலின் செல்லோயர் என்பதும் எல்லேனியர் என்பதும் ஒருவேரினவாகலாம் எனச் சிலர் கருதினர். ஒளி என்னும் பொருளுடைய சொல்லோடு இதனைத் தொடர்புறுத்தி, ஒளிமிக்கோர் என்று பொருள்கொண்டாரும் உளர். இவற்றுள் எதுவும் ஐயத்திற்கிடமின்றி மெய்ப்பிக்கப்படவில்லை.

சொல்லாராய்ச்சியில் ஈடுபடுவார் இவ்விடத்திற் சற்று நின்று எண்ணுதல் நன்று. தம்மினப் பெயர்க்கு உயர்ந்த பொருள் காணும் வேட்கை எல்லா இனத்தார்க்கும் பொது. ஆயினும் ஒலியொப்புமை ஒன்றே வேராகிவிடாது. ஒலித்திரிபு நெறி, பழஞ்சான்று, இடப்பொருத்தம், காலப்பொருத்தம் ஆகிய நான்கும் ஒருங்கு கூடினாலன்றிச் சொற்பிறப்பு நிலைபெறாது. பொருள் தெளியாத ஒரு பெயரைத் தாங்கியே எல்லேனியர் உலகுக்கு மெய்யியலும் கணக்கியலும் நாடகமும் வழங்கினர். பெயரின் பெருமை அதன் வேரில் மட்டும் இல்லை; அதைத் தாங்கியவர் வாழ்ந்த வாழ்விலும் உள்ளது.

அப்பெயரை உறுதிப்படுத்தியவை மூன்று: விளையாட்டு, மொழி, பகை. ஒலிம்பியாவில் நான்காண்டுக்கு ஒருமுறை நிகழ்ந்த போட்டிகளில் எல்லேனியரே கலந்துகொள்ளலாம். அப்போட்டிகளின் நடுவர்க்கே 'எல்லேனியரின் நடுவர்' என்று பெயர். மாசிடோனிய மன்னன் முதலாம் அலெக்சாந்தர் ஓட்டப்போட்டிக்கு வந்தபோது, அவன் எல்லேனியன் அல்லன் என்று பிறர் தடுத்தனர் என்றும், தன் முன்னோர் ஆர்கோசு நகரத்தினர் என மெய்ப்பித்த பின்னரே அவன் ஏற்றுக்கொள்ளப்பட்டான் என்றும் எரோடோட்டசு கூறுகின்றார். கி.மு. 480-இல் பாரசீகப் பெரும்படை புகுந்தபோது, தனித்தனி நகரங்களாய்ச் சிதறிக் கிடந்தோருள் பலர் அப்பெயரின்கீழ் ஒன்றுகூடினர். பகைவனோடு உடன்பாடு செய்துகொள்வரோ என ஐயுற்ற எசுபார்த்தர்க்கு ஆதென்சு மக்கள் தந்த விடையாக எரோடோட்டசு நான்கு கட்டுகளை எடுத்துரைக்கின்றார்: ஒரே குருதி, ஒரே மொழி, பொதுவான கோவில்களும் வேள்விகளும், ஒத்த பழக்கவழக்கங்கள். ஓர் இனம் தன்னை இனமென உணர்ந்து வரையறுத்துக் கொண்டதற்குக் கிடைத்துள்ள மிகப் பழைய சான்றுகளுள் இது ஒன்று.

அதே காலத்தில் பிறரைக் குறிக்க அவர்கள் வழங்கிய சொல்லையும் மறைத்தற்கில்லை. புரியாத மொழி பேசுவோரின் பேச்சு 'பர்பர்' என்று கேட்பதாகக் கொண்டு அவர்களைப் 'பார்பரோசு' என்றனர். தொடக்கத்தில் மொழி வேறுபாட்டை மட்டும் சுட்டிய அச்சொல், பாரசீகப் போருக்குப் பின் இழிவுப் பொருளை ஏற்றது. தன்பெயரைப் போற்றுதல் வேறு. பிறன்பெயரை இழித்தல் வேறு. முன்னதில் வழிகாட்டியாக நின்ற எல்லேனியர் பின்னதில் வழுவினர். ஆயினும் அவர்களுள்ளேயே இசாக்ரடீசு என்பார், கி.மு. 380-ஐ ஒட்டி எழுதிய உரையில், எல்லேனியர் என்பது பிறப்பைவிடக் கல்வியையும் சிந்தனையையும் பகிர்ந்துகொண்டவர்க்கே பெயராகிவிட்டது எனப் பெருமிதத்தோடு கூறினார்.

இனிக் கிரேக்கர் என்னும் பெயரைக் காண்போம் எனின், அதன் வரலாறு இத்தாலிக் கரையில் தொடங்குகின்றது. கி.மு. 8-ஆம் நூற்றாண்டில் யூபியாத் தீவினர் இத்தாலியின் மேலைக்கரையில் கூமே என்னும் குடியேற்றத்தை நிறுவினர். யூபியாவிற்கு எதிர்க்கரையில் கிராயா என்றோர் ஊர் இருந்தது. அது இலியாதிலும் குறிக்கப்பெறுகின்றது. அவ்வூரார் சிலரும் குடியேறியவருள் இருந்திருக்கலாம் என்றும், அவர்தம் ஊர்ப்பெயரையே இலத்தீனியர் முழு இனத்திற்கும் ஏற்றினர் என்றும் ஒரு கருத்துண்டு. அரிசுட்டாட்டில் சொன்ன தொதோனாக் கிராய்க்கரே இப்பெயர்க்கு மூலம் என்பது மற்றொரு கருத்து. எவ்வாறாயினும், கடற்கரையில் முதலிற் கண்ட ஒரு சிறு குழுவின் பெயரால் ஒரு பேரினத்தையே உரோமர் அழைத்தனர் என்பது தெளிவு. பின்னர் அவர்களை வென்று ஆண்ட உரோமர், அப்பெயரையே சுருக்கிச் 'சிறுகிரேக்கன்' என்னும் ஏளனச் சொல்லாக்கினர். உரோமரிடமிருந்து ஐரோப்பிய மொழிகள் அப்பெயரைப் பெற்றன. ஐரோப்பியரிடமிருந்து தமிழ் பெற்றது.

யவனர் என்னும் பெயரின் பயணமோ இதற்கு எதிர்த்திசையில் நிகழ்ந்தது. எல்லேனியரின் கிளையினராகிய ஐயோனியர் சின்னாசியாவின் மேலைக்கரையில் வாழ்ந்தனர். கிழக்கு நாட்டார் முதலிற் கண்டவர் அவர்களே. ஆகவே அவர்தம் கிளைப்பெயர் முழு இனத்திற்கும் பெயராயிற்று. அசீரியப் பேரரசின் கி.மு. 8-ஆம் நூற்றாண்டு ஆவணங்கள் கடற்கரை ஊர்களைத் தாக்கிய யம்னாயரைப் பற்றிப் பேசுகின்றன. எபிரேயர் யாவான் என்றனர். பாரசீகப் பேரரசன் தாரியசு, கி.மு. 520-ஐ ஒட்டிப் பெகிசுதூன் பாறையிற் பொறித்த கல்வெட்டில் யௌனா என்றான். வடபுலத்தில் இது யவனர் என்றும் யோனர் என்றும் வழங்கியது. அசோகனின் பாறைக் கல்வெட்டுகளில் யோனர் குறிக்கப்பெறுகின்றனர்.

இதில் மொழிநூலார் வியந்து போற்றும் நுட்பம் ஒன்று உண்டு. ஐயோனியரின் பழம்பெயரில் வகர ஒலி இருந்தது. கிரீட்டுத் தீவின் நோசசு அரண்மனையிற் கிடைத்த களிமண் ஏடுகளில், கி.மு. இரண்டாம் ஆயிரத்தாண்டைச் சார்ந்தவற்றில், 'இயவோனே' என்பதாக அப்பெயர் எழுதப்பட்டுள்ளது. அவ்வெழுத்தை மைக்கேல் வெண்ட்ரிசு 1952-இல் படித்தறிந்த பின்னரே இது வெளிப்பட்டது. ஐயோனியரின் பேச்சில் அவ்வகரம் பின்னர் மறைந்தது. ஓமரின் காப்பியத்திலேயே 'இயாவோனர்' என நின்றிருக்க வேண்டியது வகரமின்றி 'இயாஓனர்' என நிற்கின்றது. அதன் பின்னர் 'ஈயோனர்' எனக் குறுகிற்று. ஆனால் அயலார் நாவிற் புகுந்த வடிவம் அவ்வகரத்தைக் காத்துக்கொண்டது. தமிழில் வழங்கும் யவனர் என்னும் சொல்லில் நிற்கும் வகரம், உரியவரே இழந்துவிட்ட ஒலியின் எச்சமாகும். இச்சொல் தமிழ்வேரினின்று பிறந்ததன்று. வடபுலம் வழியாகவே வந்திருத்தல் வேண்டும் என்பது அறிஞர் பலர்தம் முடிபு. ஆயினும் அது வடமொழியின் ஆக்கமும் அன்று. அஃது ஐயோனியர் தமக்குத் தாமே வைத்துக்கொண்ட பெயர். வடமொழி அதற்கு ஒரு வழியே அன்றி ஊற்று அன்று.

வழியாய் நின்றவர் ஊற்றென உரிமை கொண்டாடும்போது என்ன நேரும் என்பதற்கும் இச்சொல்லே சான்று. பாரதத்திலும் இராமகாதையிலும், வசிட்டரின் ஆவினது கருவாயினின்று தோன்றியவர் யவனர் என்றொரு கதை புனையப்பட்டது. கருவாயைக் குறிக்கும் வடசொல்லின் ஒலியும் யோனர் என்னும் பெயரின் ஒலியும் ஒத்திருந்தமையே அக்கதைக்கு வேர். கடல்கடந்த ஓர் இனத்தின் பெயரை, அவ்வினத்தாரைக் கேளாமலே, தம் மொழியில் வேர்காட்டித் தம் பழங்கதைக்குள் அடைத்துவிட்ட செயல் இது. இத்தகைய போலிச் சொற்பிறப்பை வெறுப்பவர், தாமும் அவ்வழியிற் செல்லாதிருத்தல் வேண்டும். உலகப் பெயர்கட்கெல்லாம் தம்மொழியிலேயே வேர் தேடும் விருப்பம் எவர் செய்யினும் ஒன்றே.

தமிழகத்தார் யவனரைக் கதையாலன்றிக் கண்ணாற் கண்டவர். முசிறித் துறைக்குப் பொன்னேற்றி வந்து மிளகேற்றிச் சென்ற அவர்தம் மரக்கலங்களை அகநானூறு காட்டுகின்றது. அவர் கொணர்ந்த தேறலைப் புறநானூறும், அவர் செய்த பாவை விளக்கை நெடுநல்வாடையும், பாசறையில் அவர் காவல் நின்றதை முல்லைப்பாட்டும், புகாரில் அவர்தம் இருப்பிடங்களைச் சிலப்பதிகாரமும், அவர்தம் தச்சுத்திறனை மணிமேகலையும் கூறுகின்றன. இவ்யவனருள் உரோமப் பேரரசின் கீழிருந்த எகிப்தினின்று வந்த கிரேக்கமொழி வணிகர் மிகுதி. முசிறிக்குச் செல்லும் வாணிகத்திற்கான கடன் உடன்படிக்கை ஒன்று, கி.பி. 2-ஆம் நூற்றாண்டைச் சார்ந்தது, கிரேக்க மொழியிலேயே எழுதப்பெற்று வியன்னா நகரில் இன்றும் காக்கப்பட்டு வருகின்றது.

தமிழர் அவர்தம் பெயரைத் திரித்து வழங்கியது போலவே அவரும் தமிழரின் பெயரைத் திரித்தனர். கி.பி. முதல் நூற்றாண்டில் ஒரு கிரேக்கக் கடலோடி எழுதிய 'செங்கடற் பயண நூல்' தமிழகத்தின் மேலைக்கரையை 'லிமிரிக்கே' என்கின்றது. 'தமிரிக்கே' என்பதே படியெடுத்தோர் பிழையால் அவ்வாறாயிற்று என அறிஞர் பலர் கொள்கின்றனர்; பழைய உரோம வழிப்படம் ஒன்றில் 'தமிரிக்கே' என்ற வடிவே காணப்படுகின்றது. இருவர் நாவிலும் மற்றவர் பெயர் திரிந்தது. இருவர் உள்ளத்திலும் இழிவு நோக்கம் இல்லை. பெயர்த்திரிபு வேறு, பெயரழிப்பு வேறு என்பதை இது விளக்கும். யோனகர் என்னும் வடிவம் தமிழிற் சோனகர் எனத் திரிந்து, பிற்காலத்தில் அரபு வணிகரையும் அவர் வழியினரையும் குறித்தது. தமிழ் பேசும் முசுலிம் மக்கள் ஈழத்தில் இன்றும் சோனகர் என வழங்கப்படுகின்றனர். ஏசியன் கடற்கரையில் பிறந்த பெயர் எவ்வளவு தொலைவு நடந்துள்ளது என்பதை எண்ணிப் பார்க்கலாம்.

அயலார் நாவிற் பெயர் இவ்வாறு உலவிக்கொண்டிருக்க, உரியவரே தம்பெயரை இழந்த கதை இனிவருவது. கி.பி. 212-இல் உரோமப் பேரரசின் விடுதலை மாந்தர் ஏறத்தாழ அனைவர்க்கும் உரோமக் குடியுரிமை வழங்கப்பட்டது. 330-இல் கான்சுடாண்டிநோபிள் புதிய தலைநகராயிற்று. கிறித்தவ நெறி அரசநெறியாயிற்று. யூதரல்லாதாரைக் குறிக்க வழங்கிய எல்லேனியர் என்னும் சொல், பழந்தெய்வங்களை வணங்குவோர் என்னும் பொருளுக்கு ஒதுங்கிற்று. 361 முதல் 363 வரை ஆண்ட யூலியன் பழநெறியை மீட்க முயன்று தோற்றான். 529-இல் யசுட்டினியன் ஆதென்சின் மெய்யியற் பள்ளியை ஒடுக்கினான். எல்லேனியன் என்று ஒருவனைச் சொல்வது குற்றச்சாட்டாகவே ஆகிவிட்டது. பாட்டனின் மொழியையே பேசி, ஓமரையே பள்ளியிற் கற்றுவந்த மக்கள், பாட்டனின் பெயரைச் சொல்ல அஞ்சித் தம்மை உரோமர் என்றே அழைத்துக்கொண்டனர். மக்கள் பேசிய கிரேக்க மொழிக்கே 'உரோமாயிக்கா' என்று பெயர் வந்தது.

ஏற்றுக்கொண்ட அப்பெயராவது அவர்கட்கு நிலைத்ததா எனின், அதுவும் இல்லை. மேலை ஐரோப்பியர் உரோமர் என்னும் பெயரைத் தமக்கே உரியதாக்கிக்கொண்டனர். 968-இல் போப்பாண்டவரின் மடல் ஒன்று கான்சுடாண்டிநோபிளின் பேரரசனைக் 'கிரேக்கரின் பேரரசன்' என்று விளித்தது. அவ்விளியை இழிவாகக் கொண்டு, மடல் கொணர்ந்த தூதரைச் சிறையிலிட்டனர். தன் முன்னோரின் இனத்தைச் சுட்டும் சொல் ஒருவனுக்கு வசையாகப் படும் நிலையினும் இரங்கத்தக்கது உண்டோ? அப்பேரரசு 1453-இல் அழிந்தபின், செருமானிய அறிஞர் இரோனிமசு உவொல்பு 1557-இல் வெளியிட்ட தொகுப்பு தொடங்கி, அது பைசாந்தியப் பேரரசு எனப் பெயரிடப்பட்டது. தம்மைப் பைசாந்தியப் பேரரசினர் என அம்மக்கள் ஒருநாளும் சொன்னதில்லை. தன்பெயரை விட்டவர்க்குப் பெயரிடும் உரிமை எவர்க்கும் உண்டாகிவிடுகின்றது.

இருளிலும் ஒரு குரல் எழாமலில்லை. கெமிசுதசு பிளேதோன் என்னும் மெய்யியலாளர், 15-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பேரரசனுக்கு விடுத்த முறையீட்டில், தாம் பிறப்பால் எல்லேனியர் என்றும், அதற்குத் தம்மொழியும் முன்னோர் கல்வியுமே சான்று என்றும் எழுதினார். அடுத்து வந்த துருக்கியர் ஆட்சியில், மக்கள் மொழியாலன்றிச் சமயத்தாற் பகுக்கப்பட்டு 'உரூம்' எனப்பட்டனர். 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் விழிப்பு வந்தது. பிள்ளைகட்குத் தெமிசுதோக்கிளீசு, இலியோனிதாசு எனப் பழம்பெயர் சூட்டத் தொடங்கினர். பாரிசு நகரில் வாழ்ந்த பேரறிஞர் அதமாந்தியோசு கோராயிசு 1805-இல், உரோமர் என்பது அடிமைப்பெயர், அதனை விடுக என்றார். ஆயினும் அவர் பரிந்துரைத்தது கிரேக்கர் என்பதையே. ஐரோப்பியர் அனைவரும் அவ்வாறு அழைப்பது அவர் காட்டிய கரணியங்களுள் ஒன்று. மக்கள் அதனை ஏற்கவில்லை. 1821-இல் விடுதலைப் போர் வெடித்தது. 1822 சனவரியில் எப்பிதாவுரசில் கூடிய நாட்டுப் பேரவை வகுத்த அரசியலமைப்பில் எல்லேனியர் என்னும் பெயரே அமர்ந்தது.

எனினும் அவ்வரசியலமைப்பு எல்லேனியர் யாவர் என்பதற்கு வகுத்த இலக்கணம் யாது? அந்நிலத்தில் வாழ்ந்து கிறித்துவை நம்புவோர் என்பது. கிறித்தவரல்லாதாரைச் சுட்டி ஒறுக்கப்பட்ட பெயர், கிறித்தவர்க்கே உரிய பெயராய்த் திரும்பி வந்தது. பெயர் மீண்டது, ஆனால் மொழியை அடிப்படையாகக் கொள்ளாமல் சமயத்தை அடிப்படையாகக் கொண்டு மீண்டது. அதன் விளைவு 1923-இல் வெளிப்பட்டது. அவ்வாண்டு இலோசானில் கிரேக்க, துருக்கி அரசுகள் செய்துகொண்ட மக்கள் மாற்று உடன்படிக்கையில் சமயமே அளவுகோலாயிற்று. துருக்கியே தாய்மொழியாகப் பேசிய கிறித்தவர் கிரேக்க நாட்டிற்கும், கிரேக்கமே தாய்மொழியாகப் பேசிய முசுலிம்கள் துருக்கிக்கும் துரத்தப்பட்டனர். ஒருவன் எம்மொழியில் அழுதான் என்று எவரும் கேட்கவில்லை. இனப்பெயர்க்கு மொழியைவிட்டு வேறொன்றை அடிப்படையாக்கினால் குடும்பங்கள் எவ்வாறு சிதறும் என்பதற்கு இது குருதியால் எழுதப்பட்ட சான்று.

பெயர் மீட்கப்பட்டும், அது மக்கள் உள்ளத்தில் வேரூன்ற நெடுநாள் ஆயிற்று. 1912-இல் இலெம்னோசுத் தீவைக் கிரேக்கப் படை மீட்டபோது, படைமறவரைக் காணச் சிறுவர் திரண்டனர். எதைப் பார்க்கின்றீர்கள் என்று மறவன் ஒருவன் வினவ, எல்லேனியரைப் பார்க்கின்றோம் என்றனர் சிறுவர். நீங்களும் எல்லேனியர் அல்லிரோ என்று அவன் கேட்க, இல்லை, நாங்கள் உரோமர் என்பது விடையாயிற்று. அத்தீவிற் பிறந்து, அமெரிக்காவில் வரலாற்றுப் பேராசிரியராய் விளங்கிய பீட்டர் சரானிசு இந்நிகழ்ச்சியைக் கூறியுள்ளார். அரசியலமைப்பில் எழுதப்பட்டு 90 ஆண்டுகள் கழிந்தும், சிறுவர் நாவில் அப்பெயர் ஏறவில்லை. ஏட்டில் மீட்ட பெயர் வேறு, வீட்டில் மீட்ட பெயர் வேறு.

மொழித்துறையிலும் இதுவே நிகழ்ந்தது. கோராயிசின் வழியில் எழுந்த 'கதரேவுசா' என்னும் தூயநடை இரு வேலைகளை ஏற்றது. துருக்கி, இத்தாலியச் சொற்களை நீக்கித் தன்மொழிச் சொற்களை ஆக்கியது ஒன்று. மக்கள் நாவில் வழக்கற்றுப்போன பழைய இலக்கண ஈறுகளை மீண்டும் திணித்தது மற்றொன்று. முன்னது வென்றது. 'கசேத்தா' என்ற செய்தித்தாள் 'எப்பிமெரீதா' ஆயிற்று. 'போசுதா' என்ற அஞ்சல் 'தாக்கிதுரோமீயோ' ஆயிற்று. அச்சொற்களை இன்று கடைத்தெருவிலும் கேட்கலாம். பின்னது தோற்றது, பள்ளியிற் கற்றவர்க்கும் கல்லாதவர்க்கும் இடையே சுவரெழுப்பிய அந்நடை, 1976-இல் கல்விமொழி என்னும் நிலையை இழந்தது. பிறசொல் களைதல் மக்களால் ஏற்கப்படும். மக்களின் வாயை அடைத்தல் ஏற்கப்படாது. தூய்மை வேண்டுவார் அனைவரும் நெஞ்சிற் பதித்துக்கொள்ள வேண்டிய பாடம் இது.

இவ்வளவும் கண்டபின் தமிழர் எண்ணிப் பார்க்க வேண்டியவை சிலவே. கழக நூல்களிற் பயிலும் யவனர் என்னும் பெயரை, அயற்சொல் என ஒதுக்கவோ, தமிழ்வேர் காட்டி உரிமை கொண்டாடவோ தேவையில்லை. அஃது அவ்வினத்தின் ஒரு கிளை தனக்கு இட்டுக்கொண்ட பெயர்; தமிழ் ஒலிமரபுக்கு இயைந்து இரண்டாயிரம் ஆண்டுகளாய் வாழ்வது. பழங்கால வணிகரைக் குறிக்க அதனினும் பொருத்தமான சொல் இல்லை. இன்றைய நாட்டினத்தைக் குறிக்குமிடத்து, எல்லேனியர் என்னும் அவர்தம் பெயரையும் தமிழ்மாணவர் அறிந்திருத்தல் வேண்டும். பிறரை அவர் விரும்பும் பெயரால் அழைக்கும் இனமே, தன்னைத் தன்பெயரால் அழைக்குமாறு பிறரைக் கேட்கும் தகுதியுடையது.

தமிழ் என்னும் பெயர் யவனர் நாவில் தமிரிக்கே ஆயிற்று. வடவர் நாவில் திரமிடமும் திராவிடமும் ஆயிற்று என மொழியறிஞர் பலர் கூறுவர். அயலார் நாவில் அது திரிந்ததனால் கேடு ஒன்றும் வந்ததில்லை. தமிழன் நாவில் அப்பெயர் தளரும் நாளே அஞ்சத்தக்க நாள். தன் பிள்ளைக்குத் தமிழ்ப்பெயர் இடக் கூசுபவனும், தன் ஊர்ப்பெயரைப் பிறமொழியாக்கி மகிழ்பவனும், தன்மொழியைத் தன்வீட்டுக் கூடத்தில் இரண்டாமிடத்தில் அமர்த்துபவனும், இலெம்னோசுச் சிறுவர் நின்ற இடத்திலேயே நிற்கின்றனர். அச்சிறுவர்க்குத் தம்பெயரை எடுத்துச் சொல்ல ஒரு படை கடல்கடந்து வரவேண்டியிருந்தது. தமிழ்ச் சிறுவர்க்கு அதனைச் சொல்ல ஒரு தாயும் ஒரு தந்தையும் போதும்.